கீழ விழுறதுக்கு எதுக்குப்பா ரைட்டர்?

போன மாசம் எங்க குடும்ப வாட்ஸ்அப் குரூப்ல ஒரு கிளிப் போட்டேன். ஒரு நிமிஷம்கூட ஓடாது. லண்டன்ல ஒரு ஒயின் பார், கோட்டு சூட்டு போட்ட ஆளு ஒருத்தர் கவுண்டர்ல ஸ்டைலா சாயப் போறாரு, சாயற இடத்துல கவுண்டர் இல்ல, ஆளு அப்படியே கீழ போறாரு. இங்க இங்கிலாந்துல இந்த சீனைப் பாக்காதவங்களைத் தேடித்தான் புடிக்கணும், டிவில வந்த சிறந்த காமெடி சீன் எதுன்னு யாரு லிஸ்ட் போட்டாலும் இது வந்து மேல உக்காந்துக்கும். கிளிப்புக்குக் கீழ சும்மா ஒரு வரி, 'எழுதினது ஜான் சல்லிவன், என்னா ரைட்டர்யா'ன்னு போட்டிருந்தேன். எல்லாரும் சிரிக்கிற பொம்மை போட்டாங்க. எங்க அக்கா வீட்டுக்காரர் மட்டும், அவர் எதையும் லேசுல விடற ஆளு இல்ல, 'சிரிப்பு வந்துச்சு மாப்ள, ஆனா இதுல எழுதறதுக்கு என்ன இருக்கு? ஒருத்தன் கீழ விழுறான். விழுறதுக்கு எதுக்கு ரைட்டர்? நடிகனைச் சொல்லு, ஒத்துக்கிறேன்'னு கேட்டார். 'இருக்கு மாமா, அப்புறம் சொல்றேன்'னு போட்டுட்டு வேலையப் பாக்கப் போயிட்டேன். கேள்வி என்னை விட்டுப் போகல. ரெண்டு வரில பதில் போட்டுடலாம்னு டைப் பண்ணுவேன், அழிப்பேன், மறுபடி டைப் பண்ணுவேன். அது வளந்து வளந்து இப்ப இங்க வந்து நிக்குது. மாமா இவ்வளவு நீளம் படிக்க மாட்டாரு, நீங்களாவது படிங்க.

முதல்ல அந்த சீனையே பாத்துடுவோம். பிபிசில ஓடுன 'ஒன்லி ஃபூல்ஸ் அண்ட் ஹார்சஸ்'ங்கிற காமெடி சீரியல்ல 1989 ஜனவரில வந்த எபிசோட். டெல் பாய்ங்கிறவரு தெற்கு லண்டன் பெக்கம்ல கவுன்சில் வாடகைக்கு விடற அடுக்குமாடில இருந்துகிட்டு, எங்கேருந்து வந்துச்சுன்னு கேக்கக் கூடாத சாமானையெல்லாம் மார்க்கெட்ல சூட்கேஸ்ல வெச்சு வித்துப் பொழைக்கிற ஆளு. அது தாட்சர் காலம், பங்குச் சந்தைப் பசங்க கையில காசு புரளுது, பார்க்கறவன் எல்லாம் தானும் அந்தக் கூட்டம்னு வேஷம் போடுறான், டெல்லும் போடுறாரு. கோட்டு, கையில ஃபைலோஃபேக்ஸ்னு ஒரு பந்தா டைரி, பேச்சுல ஒரு தோரணை. எப்பவும் போற பப்பை விட்டுட்டு ஒயின் பாருக்கு வந்திருக்காரு, கூட ட்ரிகர்னு ஒரு ஃபிரெண்டு, தெருக் கூட்டுற வேலை, எதுவும் அவருக்குக் கொஞ்சம் லேட்டாத்தான் புரியும். அந்தப் பக்கம் ரெண்டு பொண்ணுங்க, நம்மளத்தான் பாக்குறாங்கன்னு டெல்லுக்கு நெனப்பு. அலட்டிக்காம கூலா இருக்கணும்னு ட்ரிகருக்கு வேற பாடம் எடுக்குறாரு. அதுக்குள்ள பார்ல வேலை பாக்குற ஆளு கவுண்டர் பலகையத் தூக்கி வெச்சுட்டு வெளிய போயிடுறாரு, டெல் கவனிக்கல. மறுபடி சாயறாரு. கை ஊனல, தடுமாறல, மூஞ்சில ஒரு மாற்றம் இல்ல, மரம் சாயற மாதிரி பக்கவாட்டுல அப்படியே போறாரு. இதுல எனக்கு ரொம்பப் பிடிச்சது விழுந்ததுக்கு அப்புறம் வர்ற ரெண்டு செகண்டுதான், ட்ரிகர் அந்த நேரத்துல வேற பக்கம் பாத்துட்டு இருந்ததால அவருக்கு எதுவும் தெரியாது, திரும்பறாரு, ஆளைக் காணோம், இங்க பாக்குறாரு அங்க பாக்குறாரு, இப்பதானே இருந்தான்னு ஒரு முழி. கேமராவுல நாம பாத்துட்டோம், அவர் பாக்கல.

இது எங்கேருந்து வந்துச்சுன்னா, சல்லிவன் பால்ஹம்ல ஒரு ஒயின் பார்ல நிஜமாவே ஒரு ஆளு இப்படிச் சாயப் போய்த் தடுமாறுனதைப் பாத்திருக்காரு. அந்த ஆளு சட்டுனு சுதாரிச்சு எதையோ புடிச்சுக்கிட்டாரு, விழல. விழாத மனுஷனைப் பாத்துட்டு வந்து விழவெச்சு எழுதுனதுதான் இது. எப்படி விழணும்ங்கிறது டெல்லா நடிச்ச டேவிட் ஜேசனோட வித்தை, அதுல யாரும் பங்கு கேக்க முடியாது. ஆனா யாரு விழுறான், யாரு முன்னாடி விழுறான், விழுறதுக்கு முன்னாடி அரை நிமிஷம் என்ன பீத்திக்கிட்டு இருந்தான், பக்கத்துல நிக்கிறவன் எந்தப் பக்கம் பாத்துட்டு இருந்தான், இதெல்லாம் பேப்பர்ல நடக்குற வேலை. மாமா கேட்டதுக்கு இதோட முடிச்சுடலாம். ஆனா சல்லிவன் எழுதுனதை ஒட்டுமொத்தமா பாத்தா திரும்பத் திரும்ப ஏதாவது ஒண்ணு விழுந்துகிட்டே இருக்கு, ஒவ்வொண்ணுக்கும் பின்னாடி ஒரு வீட்டோட கஷ்டம் இருக்கு, அதுதான் என்னைத் தூங்கவிடாம பண்ணுது.

பால்ஹம் பையன்

சல்லிவன் 1946 டிசம்பர்ல தெற்கு லண்டன் பால்ஹம்ல பொறந்தவரு. அப்பா பிளம்பர். பதினோரு வயசுல எழுதுற லெவன் பிளஸ் பரீட்சைல ஃபெயில், 15 வயசுல ஸ்கூல்ல இருந்து வெளிய வந்தாச்சு, கையில ஒரு சர்டிஃபிகேட் கெடையாது. ஸ்கூல்ல ஒரு இங்கிலீஷ் வாத்தியார் டிக்கன்ஸ் நாவலை எடுத்துவெச்சு ஒவ்வொரு கேரக்டருக்கும் குரல் மாத்திப் படிச்சுக் காட்டுவாராம், அது மட்டும் பையனுக்குள்ள போய் உக்காந்துடுச்சு. அதுக்கப்புறம் ராய்ட்டர்ஸ்ல மெசஞ்சர், ஒரு விளம்பரக் கம்பெனி, பழைய கார் வியாபாரம், பீர் ஃபேக்டரி, அப்பா வழியில பிளம்பிங்னு கெடைச்ச வேலையெல்லாம் பாத்திருக்காரு. நடுவுல ஜானி ஸ்பைட்னு ஒரு ரைட்டர், நம்மள மாதிரி தொழிலாளி வீட்டுப் பையன், டிவிக்குக் காமெடி எழுதி நல்லா சம்பாதிக்கிறாருன்னு எங்கயோ படிச்சிருக்காரு, உடனே ஒரு பழைய டைப்ரைட்டர் வாங்கி உக்காந்துட்டாரு. முதல்ல எழுதுனது ஒரு பொதுக் கழிப்பறைய நடத்துற வயசான சோல்ஜர் பத்தி. பிபிசி வேணாம்னு திருப்பி அனுப்பிடுச்சு. அதுக்கப்புறமும் வருஷக்கணக்கா அனுப்பிக்கிட்டே இருந்தாரு, அவங்களும் திருப்பிக்கிட்டே இருந்தாங்க.

அப்ப அவர் பண்ணுன காரியம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். கதவைத் தட்டித் தட்டிப் பாத்துட்டு, 1974ல பிபிசிலயே வேலைக்குச் சேந்துட்டாரு. ரைட்டரா இல்ல, ப்ராப்ஸ் டிபார்ட்மென்ட்ல, அப்புறம் செட்டு மாத்தற வேலைல. சுவரைத் தள்ளிட்டுப் போறது, சோஃபாவ எடுத்து வைக்கிறது. ஆனா நிக்கிற இடம் ஸ்டுடியோ ஃப்ளோர். ரிகர்சலைப் பாக்கலாம், எந்த வரிக்கு ஜனங்க சிரிக்கிறாங்க, எந்த வரி செத்துப் போகுதுன்னு பக்கத்துல நின்னு கேக்கலாம். 'பாரிட்ஜ்'ங்கிற காமெடி ஷோ செட்டுல வேலை பாக்கும்போது அதோட ஹீரோ ரானி பார்க்கர் கையில தான் எழுதுன ஸ்கெட்ச்சைக் கொடுத்துட்டாரு, அவருக்குப் பிடிச்சுப் போச்சு, இன்னும் எழுதுன்னுட்டாரு. டென்னிஸ் மெயின் வில்சன்னு ஒரு பெரிய புரொட்யூசர், பழைய ரேடியோ காலத்துலேருந்து காமெடில ஊறுன மனுஷன், அவர் பிபிசி பார்ல நின்னுட்டு இருக்கும்போது சல்லிவன் நேராப் போய், நாம ரெண்டு பேரும் சேந்து வேலை செய்யப் போறோம், அதான் அறிமுகம் பண்ணிக்கலாம்னு வந்தேன்ங்கிற தினுசுல பேச்சக் கொடுத்திருக்காரு. சோஃபா தூக்குற ஆளு இந்த மாதிரி வந்து பேசுனா நீங்க என்ன பண்ணுவீங்க? வில்சன் காது கொடுத்துக் கேட்டாரு.

அதுல வந்ததுதான் 1977ல 'சிட்டிசன் ஸ்மித்'. டூட்டிங்ல புரட்சி பண்ணப் போறேன்னு கிளம்புற ஒரு வெட்டிப்பய, கூட விரல் விட்டு எண்ற அளவுக்கு ஆளு, கட்சிப் பேரு டூட்டிங் மக்கள் முன்னணி. டைட்டில்ல டூட்டிங் பிராட்வே ஸ்டேஷன்ல இருந்து முஷ்டியத் தூக்கிட்டு வெளிய வருவாரு ஹீரோவா நடிச்ச ராபர்ட் லிண்ட்சே. லண்டன்ல இருக்கிற நம்ம ஆளுங்களுக்கு டூட்டிங்கைப் பத்தி நான் சொல்லவேண்டியதில்ல, அந்த ஸ்டேஷன்ல இறங்கி முருங்கைக்காயும் கருவேப்பிலையும் வாங்காதவங்க கம்மி. நான் போறப்பல்லாம் அந்த வாசல்ல ஒரு நொடி எனக்கு அந்த முஷ்டி ஞாபகம் வரும். ஷோ நாலு சீரிஸ் ஓடுச்சு. அடுத்ததா ஃபுட்பால் மேனேஜர் பத்தி ஒண்ணு எழுதுனாரு, பைலட்னு ஒரு சாம்பிள் எபிசோட் எடுத்து, சீரிஸ் போகலாம்னு சொல்லி, அப்புறம் நிறுத்திட்டாங்க. கையில ஒண்ணும் இல்லாம டைரக்டர் ரே பட்டோட உக்காந்து மார்க்கெட்ல போலீஸ் வந்தா சூட்கேஸ மூடிட்டு ஓடுற வியாபாரிகளைப் பத்திப் பேசிக்கிட்டு இருந்ததுல பொறந்தாரு டெல் பாய். அந்த ஃபுட்பால் ஷோ ஓடியிருந்தா இது வந்திருக்குமான்னு எனக்கு அப்பப்ப தோணும்.

அப்பாவுக்குப் பிடிக்காத சிரிப்பு

1981 செப்டம்பர்ல 'ஒன்லி ஃபூல்ஸ்' ஆரம்பிச்சப்ப பெருசா யாரும் கண்டுக்கல. அண்ணன் டெல், தம்பி ரோட்னி, தாத்தா, மூணு பேரும் ஒரே ஃப்ளாட்டுல. அம்மா போயாச்சு, அப்பா விட்டுட்டு ஓடியாச்சு. பொம்பளை இல்லாத வீட்டுல மூணு ஆம்பளைங்க சண்டை போட்டுக்கிட்டே ஒருத்தரை ஒருத்தர் புடிச்சுத் தொங்கிட்டு இருக்கிறதுதான் மொத்தக் கதையும். ரெண்டாவது சீரிஸ் கடைசி எபிசோட், 1982 டிசம்பர், அதுல வந்துச்சு சரவிளக்கு சீன். ஒரு பிரபு வீட்டு மாளிகைல பெரிய கண்ணாடிச் சரவிளக்கு ரெண்டு, அதைச் சுத்தம் பண்ணத் தெரியும்னு டெல் வாய் கூசாம புளுகிட்டு காண்ட்ராக்ட் எடுத்துட்டாரு. தாத்தா மாடில தரைப்பலகையத் தூக்கிட்டு நட்டைக் கழட்டுறாரு, கீழ அண்ணனும் தம்பியும் ஏணி மேல நின்னு துணிய விரிச்சுப் புடிச்சுட்டு, விழப்போற விளக்கைப் பாத்துட்டு நிக்கிறாங்க. மேல சுத்தியல் சத்தம். இதோ வருது, புடிச்சுக்கோ. பின்னாடி இருந்த இன்னொரு விளக்கு பொத்துனு தரைல விழுந்து தூளாகுது. இவங்க புடிச்சுட்டு நிக்கிற விளக்கு ஆடக்கூட இல்ல.

இதை சல்லிவனோட அப்பா சொன்ன கதைன்னு பலருக்கும் தெரிஞ்சிருக்கும். 1930கள்ல அவர் வேலைக்குப் போன ஒரு பெரிய மாளிகைல நிஜமா நடந்தது, ஆளுங்க ஒரு விளக்கைத் தாங்கிக்கிட்டு நிக்க வேற விளக்கு விழுந்துடுச்சு. மகன் இந்தக் கதையைக் கேட்டுட்டு விழுந்து விழுந்து சிரிச்சிருக்காரு. அப்பாவுக்குக் கோவம் வந்துடுச்சு. சிரிக்கிற விஷயமா இது, வேலை பாத்த ஆளுங்க வேலையே போச்சுடான்னு. எத்தனை முறை இதை நெனச்சாலும் எனக்கு அந்த ரூமைப் பாக்கணும் போல இருக்கும். ஒரே கதை, மகனுக்கு அது காமெடி, அப்பாவுக்கு அது பஞ்ச காலத்துல கூலி போன நாள். மகன் அப்பா பேச்சைக் கேட்டு அதை எழுதாம விட்டிருக்கலாம். இல்ல, அப்பாவோட கோவத்தை மறந்துட்டு வெறும் கண்ணாடி உடையற சீனா எழுதியிருக்கலாம். எழுதுனது எப்படின்னு பாருங்க, விளக்கு விழுந்து உடைஞ்ச உடனே யாரும் கத்தல. ஏணி மேல நிக்கிற ரெண்டு பேரு மூஞ்சிலயும் என்ன தெரியும்? இதுக்கு எவன் காசு கட்டறது, அதான் தெரியும். அப்பாவோட கோவம் அந்த மூஞ்சிலதான் இருக்கு. இதுல ஒரு வேடிக்கை, ஷூட்டிங்ல ரெண்டாவது டேக் எடுக்க வழியில்லாததால, சிரிச்சேன்னா வேலை போயிடும்னு ரே பட் ரோட்னியா நடிச்ச நிக்கோலஸ் லிண்ட்ஹர்ஸ்ட்டை மிரட்டி வெச்சிருந்தாராம். பாவம் அந்தப் பையன் மூஞ்சில இருக்கிற பயத்துல கொஞ்சம் அசல்தான்.

1984 டிசம்பர்

நான் சொல்ல வந்ததே இதைத்தான், மத்ததெல்லாம் இங்க வர்றதுக்கு வழி. நாலாவது சீரிஸ் ஷூட்டிங் நடந்துட்டு இருக்கு. அதுல 'ஹோல் இன் ஒன்'னு ஒரு எபிசோட். பப் வாசல்ல பீர் பீப்பா இறக்குறதுக்குத் தரைல ஒரு பள்ளம் இருக்கும், நிலவறைக் கதவு, அதுக்குள்ள வயசானவர் விழுந்துடுறாரு, நஷ்டஈடு கேட்டுக் கோர்ட்டுக்குப் போறாங்க. விழுறது தாத்தா. தாத்தாவா நடிச்சவர் லென்னர்ட் பியர்ஸ், நாடக மேடைல காலத்தை ஓட்டிட்டு அறுபது தாண்டி இந்த ஷோவால ஊரறிஞ்ச முகம் ஆனவரு. பாதிப் படப்பிடிப்புல அவருக்கு நெஞ்சு வலி வந்து ஆஸ்பத்திரில சேத்தாங்க, 1984 டிசம்பர் 15ம் தேதி இறந்துட்டாரு. 69 வயசு.

இப்ப ரைட்டர் என்ன பண்ணணும்? ஷூட்டிங் பாதில நிக்குது, ஒளிபரப்பு ரெண்டு மாசத்துல. அந்தக் கால டிவில சுலபமான வழி இருந்துச்சு, அதே தொப்பி அதே கோட்டோட வேற வயசான நடிகரைக் கொண்டு வந்து தாத்தான்னு உக்கார வெச்சுடறது. அந்த யோசனையும் வந்துச்சு, வேணாம்னு முடிவு பண்ணுனாங்க. இன்னொரு வழி, தாத்தா ஊருக்குப் போயிட்டாருன்னு ஒரு வரில முடிச்சுட்டு அடுத்த ஜோக்குக்குப் போறது. சல்லிவன் ரெண்டையும் விட்டுட்டு, பிரைம் டைம் காமெடி ஷோவுக்குள்ள ஒரு சவப்பெட்டியக் கொண்டு வந்து வெச்சாரு. 1985 பிப்ரவரில வந்த 'ஸ்ட்ரெயின்ட் ரிலேஷன்ஸ்' தாத்தாவோட அடக்கத்துலதான் ஆரம்பிக்குது. நடிகர்கள் நிஜமா தங்களோட சகாவ அடக்கம் பண்ணிட்டு வந்து, சில வாரம்கூட ஆகல, அதையே கேமரா முன்னாடி செய்யறாங்க. டெல்லும் ரோட்னியும் அழுறாங்களா நடிக்கிறாங்களான்னு பாக்குறவங்களுக்குப் பிரிச்சுச் சொல்ல முடியாது.

குழிக்கரைல நிக்கிறாங்க. தாத்தாவோட அந்தப் பழைய தொப்பி, நாலு வருஷமா ஒவ்வொரு எபிசோட்லயும் வீட்டுக்குள்ளகூட கழட்டாம உக்காந்திருப்பாரே, அந்தத் தொப்பியை மரியாதையா குழிக்குள்ள போடறாங்க. மண்ணு போட ஆரம்பிச்சாச்சு. அப்ப பாதிரியார் வந்து, என் தொப்பியப் பாத்தீங்களான்னு தேடறாரு. அண்ணனும் தம்பியும் ஒருத்தர ஒருத்தர் பாத்துக்கிறாங்க, குழியப் பாக்குறாங்க. அவ்வளவுதான். முதல் தடவை பாத்தப்ப எனக்கு சிரிப்பு வந்த வேகத்துல தொண்டை அடைச்சுது, எது முதல்ல வந்துச்சுன்னு தெரியல. இதுவும் ஒரு பொருள் கீழ விழுற காமெடிதான், கணக்குக்கு. ஆனா அந்தத் தொப்பி ஜோக்கை ஒரு அங்குலம் முன்னாடி வெச்சிருந்தா செத்தவரைக் கேலி பண்ணுன மாதிரி இருக்கும், ஒரு நிமிஷம் லேட்டா வெச்சிருந்தா ஜனங்க அழுகையிலேயே மாட்டிக்கிட்டு மீதி எபிசோடைப் பாத்திருக்க மாட்டாங்க. எங்க வைக்கணும்ங்கிறதை எந்த நடிகனும் முடிவு பண்ண முடியாது, அவன் கைக்கு வரும்போது அது வெச்சாச்சு.

அதே எபிசோட்ல கொஞ்ச நேரம் கழிச்சு ரோட்னி அண்ணன் மேல பாயறான். தாத்தா போய் நான் இங்க உடைஞ்சு போயிருக்கேன், நீ பாட்டுக்குச் சிரிச்சுப் பேசிக்கிட்டு இருக்க, அதுக்குள்ள எல்லாம் மறந்துடுச்சான்னு. டெல் சொல்ற பதில் சின்னது. மறக்கறதா, நான் இன்னும் ஆரம்பிக்கவே இல்லடா, எப்படி அழுறதுன்னு எனக்குத் தெரியாதுங்கிற மாதிரி. சின்ன வயசுலேருந்து எதுக்கும் சிரிச்சுச் சமாளிக்கிற டெல் பாயாவே இருந்துட்டேன், இப்ப அதை எப்படிக் கழட்டறதுன்னு தெரியல. அந்த இடத்துக்கு அப்புறம் டெல்லோட பீத்தல் எதையும் பழையபடி பாக்க முடியல. நாலு வருஷம் பின்னால போய் முதல் சீரிஸைப் பாத்தாலும் அந்த வரி வந்து நடுவுல நிக்குது. நாலு வருஷம் கழிச்சு ஒயின் பார்ல கோட்டு மாட்டிட்டு நிக்கிறவனும் இதே ஆளுதான்.

அந்த அடக்கத்துக்கு வந்த சொந்தக்காரங்க ஒரு வயசானவரை இவங்க வீட்டுல தள்ளிவிட்டுட்டுக் கம்பிய நீட்டிடறாங்க. தாத்தாவோட தம்பி, ஆல்பர்ட், கப்பற்படைல இருந்தவரு, வெள்ளைத் தாடி, வாயைத் தொறந்தா யுத்த காலத்துலன்னு ஆரம்பிப்பாரு. நடிச்சவர் பஸ்டர் மெரிஃபீல்ட், பேங்க் மேனேஜரா வேலை பாத்து ரிட்டயர் ஆனதுக்கப்புறம் முழு நேர நடிகர் ஆனவரு. தாத்தா இடத்துல இன்னொரு கெழவர்னு ஜனங்க மூஞ்சியத் திருப்பியிருக்கணும். திருப்பாததுக்குக் காரணம், வீட்டுக்குள்ளயே அவரை யாருக்கும் வேண்டாம்னு எழுதுனதுதான். ரோட்னிக்கு எரிச்சல், டெல்லுக்கும் எரிச்சல், யாருமே நீ தாத்தா மாதிரின்னு சொல்றதில்ல. பாக்குறவன் மனசுல இருக்கிற எரிச்சலை அவங்களே வாங்கிக்கிட்டதால நமக்கு அவர் மேல பாவமா ஆயிடுது.

இப்ப அந்த நின்னுபோன எபிசோடுக்கு வருவோம். நிலவறைப் பள்ளம், வயசானவர் விழுறது, கோர்ட்டு. இப்ப விழுறது ஆல்பர்ட். பழைய காட்சிகளைத் திரும்ப எடுத்தாங்க. கோர்ட்டுல குட்டு உடையுது, இவர் இப்படி விழுந்து விழுந்து நஷ்டஈடு வாங்குறதுல பழம் தின்னு கொட்டை போட்டவருன்னு பழைய கேஸெல்லாம் வெளிய வருது, டெல்லுக்கு மானம் போகுது. வெளிய வந்து ரெண்டு பேரும் கெழவரைப் புடிச்சு வாங்கு வாங்குன்னு வாங்குறாங்க. அப்பதான் அவர் சொல்றாரு, எதுக்கு விழுந்தேன்னா அண்ணனுக்குக் கல்லறையில ஒரு கல்லு வெக்கறதுக்குக் காசு வேணும்னு. தாத்தா உயிரோட இருந்து அவரே அந்தப் பள்ளத்துல விழுற மாதிரி எடுத்திருந்தா இந்தக் காரணம் கதைக்குள்ள வந்திருக்கவே வழியில்ல, இல்லையா? பள்ளம் அதே பள்ளம், விழுறது அதே விழுறது, கோர்ட்டு அதே கோர்ட்டு. சக நடிகர் செத்து, அடக்கம் பண்ணி, கெடு நெருங்கி, அந்த அவசரத்துல உக்காந்து அந்த விழுறதுக்கு வேற காரணத்தை எழுதியிருக்காரு மனுஷன். மாமா, இதுக்குத்தான் ரைட்டர்.

அரை மணி நேரம் பத்தல

இதுக்கப்புறம் ஷோ வேற ஒண்ணா மாறிடுச்சு. சல்லிவனோட ஸ்கிரிப்ட் எப்பவுமே நீளமா இருக்கும், அரை மணி நேரத்துக்குள்ள அடைக்கிறதுக்காக நல்ல நல்ல இடமெல்லாம் வெட்டுல போயிடும். 1989 ஆறாவது சீரிஸ்லேருந்து 50 நிமிஷமா ஆக்கிட்டாங்க. அந்த சீரிஸோட முதல் எபிசோட்லதான் கவுண்டர் சீன் வருது. அதே எபிசோட்லதான் ரோட்னி தனக்கு வரப்போற மனைவியைச் சந்திக்கிறான்ங்கிறதை கிளிப் போடறவங்க யாரும் சொல்றதில்ல. நேரம் கெடைச்சதும் அந்த மனுஷன் ஜோக்கை அதிகம் பண்ணல, கல்யாணம், குழந்தை, வேலை போறதுன்னு வாழ்க்கையக் கொண்டு வந்து உள்ள வெச்சாரு. நடுவுல 'ஜஸ்ட் குட் ஃபிரெண்ட்ஸ்', விவாகரத்து ஆனவங்க கூடுற கதையான 'டியர் ஜான்'னு வேறயும் எழுதி ஹிட் ஆச்சு, ரெண்டாவதை அமெரிக்காக்காரங்க வாங்கி அவங்க ஊருக்கு மாத்தி எடுத்தாங்க. அதைப் பத்திப் பேசணும்னா தனியா ஒரு பதிவு வேணும், எனக்கு 'டியர் ஜான்' மேல கொஞ்சம் பாசம் ஜாஸ்தி.

1996 கிறிஸ்துமஸ் சமயத்துல மூணு எபிசோட். ரோட்னி மனைவிக்குக் கரு கலைஞ்சுடுது. கிறிஸ்துமஸ் விடுமுறையில, வான்கோழியத் தின்னுட்டு சோஃபால சாஞ்சு கெடக்குற ஜனங்களுக்கு இதைக் காட்டறாரு. ரோட்னி யார்கிட்டயும் வாயத் தொறக்க மாட்டேங்குறான். டெல் என்ன பண்றாருன்னா, அந்த அடுக்குமாடி லிஃப்ட் ரிப்பேர் ஆயிடுச்சுன்னு ஏமாத்தி ரெண்டு பேரும் உள்ள மாட்டிக்கிற மாதிரி பண்ணி, அங்க வெச்சுத் தம்பியப் பேச வைக்கிறாரு. தனக்கு எப்படி அழுறதுன்னு தெரியாதுன்னு 1985ல சொன்ன ஆளு இவரு. அதே எபிசோட்ல கராஜ்ல தூக்கிப் போட்டு வெச்சிருந்த பழைய கடிகாரம் ஏலத்துல 62 லட்சம் பவுண்டுக்குப் போய் இவங்க கோடீஸ்வரங்க ஆயிடறாங்க. பாத்தவங்க 2 கோடியே 43 லட்சம் பேரு. அப்ப இந்த நாட்டு ஜனத்தொகையே 6 கோடிக்குக் கீழ. இங்க எந்த சிட்காம் எபிசோடையும் அத்தனை பேர் பாத்ததில்ல.

அதோட நிறுத்தியிருக்கணும்னு எல்லாரும் சொல்லுவாங்க. 2001ல மறுபடி வந்து, சம்பாதிச்ச காசெல்லாம் போச்சு, பழைய ஃப்ளாட்டுக்கே திரும்பி வந்தாச்சுன்னு ஆரம்பிச்சாரு. 1999ல மெரிஃபீல்ட் இறந்துட்டதால ஆல்பர்ட்டுக்கும் ஒரு அடக்கம் எழுதுனாரு. அதுல இவங்க தப்பான ஆளோட அடக்கத்துக்குப் போய் நின்னு உருகிட்டு இருக்காங்க. எனக்கு அது ஒட்டல. தொப்பி ஜோக்குல செத்தவர் அந்தக் குழிக்குள்ள நிஜமா இருந்தாரு, இங்க பெட்டிக்குள்ள யாரோ, அதனால சிரிப்பும் மேலோட்டமா நின்னுபோச்சு. எழுதத் தெரிஞ்ச கைதான், ஆனா அந்த வருஷம் கை மட்டும்தான் எழுதுச்சோன்னு எனக்குப் படுது. அதே நேரம் காசை அவங்ககிட்டேருந்து திரும்பப் புடுங்குனதை நான் தப்பு சொல்ல மாட்டேன். பால்ஹம் பிளம்பர் வீட்டுப் பையனுக்கு, பணக்காரங்களா ஆன டெல்லை வெச்சுக்கிட்டு என்ன எழுதறதுன்னு தெரிஞ்சிருக்காது, எழுதியிருந்தாலும் நான் நம்பியிருக்க மாட்டேன்.

அதுக்கப்புறமும் நிக்கல. டெல்லோட அம்மா காலத்துக்குப் போய், 1960கள்ல நடக்குற 'ராக் அண்ட் சிப்ஸ்' எழுதுனாரு, அது சிரிப்பை விடக் கண்ணீர் ஜாஸ்தியான கதை, ரோட்னியோட நிஜ அப்பா யாருங்கிற முடிச்சவிழ்க்கிற கதை. 2011 ஏப்ரல் 22ம் தேதி நிமோனியா வந்து இறந்துட்டாரு, 64 வயசு. அவர் கடைசியா எழுதுன எபிசோட் அதுக்கு அடுத்த வாரம்தான் டிவில வந்துச்சு.

புதுசா பாக்குறவங்க முதல் சீரிஸ்ல ஆரம்பிக்க வேணாம், மெதுவா போகும், பாதில விட்டுடுவீங்க. ரெண்டாவதுலேருந்து ஆரம்பிச்சு சரவிளக்கு வரைக்கும் வந்துடுங்க, அப்புறம் நாலாவது சீரிஸ்ல 'ஸ்ட்ரெயின்ட் ரிலேஷன்ஸ்', 'ஹோல் இன் ஒன்' ரெண்டையும் அடுத்தடுத்து, நடுவுல கேப் விடாம பாருங்க. சப்டைட்டில் கட்டாயம் போட்டுக்குங்க, பெக்கம் பேச்சு ஆரம்பத்துல காதுல ஏறவே ஏறாது.